கயிறு யார் கழுத்தில்?

தீர்த்தகிரீசுவரர் சந்நிதியில் கூடியுள்ள நாம் சண்டேசுவர நாயனாரைச் சிறிது எண்ணிப் பார்ப்போம். சேய்ஞலூரில், தன்னை முட்ட வந்த பசுவை ஆயன் ஒருவன் கோலால் அடித்தான். அதுகண்டு மனம் பொறாத விசாரசருமர், அந்நிரையைத் தாமே மேய்க்க ஏற்றார். கோல் போயிற்று, அன்பு வந்தது. பசுக்கள் தாமே பால் பொழிந்தன.

இன்று நம் தருமபுரிப் பக்கத்திலும், சேலம், நாமக்கல், பல்லடம் வட்டாரங்களிலும் தோட்டங்களில் நீண்ட கறிக்கோழிக் கொட்டகைகளைக் காண்கிறோம். புலால் பற்றிய சைவநெறி நீங்கள் அறிந்ததே. அதனை இங்கு விரிக்கவில்லை. வளர்ப்பவன் நிலையையே கூறுகிறோம்.

ஒருநாட் குஞ்சும் தீவனமும் மருந்தும் கம்பெனியார் தருவர். கொட்டகை, தண்ணீர், மின்சாரம், தரையில் பரப்பும் தேங்காய்நார்க் கழிவு, இரவுபகல் உழைப்பு யாவும் குடியானவனுடையவை. ஏறத்தாழ 40 நாளில், 2 கிலோ எடை வந்ததும் லாரியில் ஏற்றிச் செல்வர். விலை பேசும் உரிமை இவனுக்கில்லை. கிலோவுக்கு இவ்வளவு என்று வளர்ப்புக் கூலி. குஞ்சுகள் மிகுதியாக இறந்தாலும், தின்ற தீவனத்துக்கு எடை ஏறாவிட்டாலும் கூலி குறையும். அடுத்த குஞ்சு என்று வரும் என்பதும் அவர்கள் சித்தம். கோழி அவர்களுடையது, கொட்டகைக்கு வாங்கிய கடன் மட்டும் இவனுடையது! பாசம் என்பது கயிறு என்று சித்தாந்தம் படித்தோர் சொல்வர். இங்கே அக்கயிறு கோழியின் காலில் இல்லை.

எச்சம் ஈரம்பட்டால் எழும் அமோனியா நெடி கண்ணையும் நெஞ்சையும் எரிக்கும். கணவனும் மனைவியும் நாள்தோறும் அதிலேதான் நிற்கின்றனர். இன்னொன்றும் உண்டு. வேறு மருந்து கேளாத நோயாளிக்கென மருத்துவர்கள் காத்துவைத்தது கொலிஸ்டின் என்னும் மருந்து. கோழி விரைந்து பெருக்கட்டும் என்று அதனையும் தீவனத்தில் கலந்து வந்தனர்! 2019 சூலையில் மத்திய அரசு அதற்குத் தடை விதித்தது. நல்லது. ஆயினும் மருந்துக்குப் பழகிப்போன கிருமி கொட்டகை வேலியோடு நின்றுவிடுமா?

இன்று வடம் பிடிக்கும் கூட்டத்தில் சிலரைக் காணோம். மாசி வெயில் ஏறிவிட்டது. மின்சாரம் நின்று விசிறி ஓயுமானால், ஒரே பிற்பகலில் நூற்றுக்கணக்கில் கோழிகள் சாயும். கொட்டகையை விட்டு எவ்வாறு வருவது? அரூர்ப் பக்கத்து அன்பர் ஒருவர் தேங்காய் பழத்தை அண்டை வீட்டாரிடம் கொடுத்தனுப்பியிருந்தார். அருச்சகர் அவர் பெயரும் நட்சத்திரமும் சொல்லி அருச்சித்து, விபூதியை அவ்வண்டை வீட்டார் கையிலேயே கொடுத்தனுப்பினார்.