கூட்டுறவு பாங்கிக் கடனும் நியாயஸ்தலத்தின் காப்பும்

(நம் சங்கத்தின் மாதக் கூட்டத்தில் நிகழ்த்திய சொற்பொழிவு)

 

கடன் என்னுஞ் சொல்லுக்கு நந்தமிழில் இரு பொருள் உண்டு. பிறரிடம் வாங்கிய பொருளும் கடன். செய்தே தீரவேண்டிய கடமையும் கடன். ஆதலின் வாங்கியதைத் திருப்பிக் கொடுத்தல் அறம் என்பதில் நமக்கு ஐயமில்லை. ஆயினும், வாங்கியவனுக்குக் கடமை இருத்தல் போலவே, கொடுத்தவன் திரும்பக் கேட்கும் முறைக்கும் கடமை உண்டு. அம்முறை தவறாமற் காப்பது நியாயஸ்தலத்தின் தொழில். அதனைக் குறித்தே இன்று சில சொல்லப் புகுந்தோம்.

வட்டிக்காரரிடம் சிக்கிய எளியோரை மீட்பதற்காக 1904-ஆம் ஆண்டில் கூட்டுறவுக் கடன் சங்கச் சட்டம் பிறந்தது. அவ்வாண்டிலேயே திரூரில் கடன் சங்கமும் காஞ்சிபுரத்தில் நகரப் பாங்கியும் தோன்றின. அங்கத்தினர்க்கே உரிய பாங்கியாதலின் அது நம்மிடம் கடுமை காட்டாது என நம்மவருள் பலர் இன்றும் எண்ணுகின்றனர். அவ்வெண்ணம் வீட்டை இழக்கச் செய்யும்.

2002-ஆம் ஆண்டின் சர்பாசி சட்டம், வழக்குத் தொடராமலே ஈட்டுச் சொத்தைக் கைக்கொண்டு விற்கும் அதிகாரத்தைப் பாங்கிகளுக்கு அளித்தது. அது கூட்டுறவு பாங்கிகளுக்கும் பொருந்துமா என்னும் வினா மகாராஷ்டிரத்து வழக்கொன்றில் எழுந்தது. பொருந்தும் என்று உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் 2020 மே 5-இல் தீர்ப்பளித்தனர். பாங்கியல்லாத கிராமக் கடன் சங்கங்களின் வழி வேறு. அவை தமிழ்நாட்டில் 1983-ஆம் ஆண்டின் கூட்டுறவுச் சங்கச் சட்டப்படி நடப்பவை.

இனி, கடனாளிக்குள்ள காப்புகளைக் காண்போம். தவணை தவறி வாராக்கடன் எனக் குறிக்கப்பட்டபின், பாங்கி எழுத்து மூலம் அறிவிப்புக் கொடுத்து 60 நாள் பொறுத்தல் வேண்டும். அதற்குள் நாம் ஆட்சேபம் எழுதினால், அதை ஏலாமைக்குக் காரணத்தை 15 நாளில் தெரிவித்தல் வேண்டும். சொத்தைக் கைக்கொண்டால், அந்நாள் தொட்டு 45 நாளுக்குள் கடன் மீட்புத் தீர்ப்பாயத்தில் முறையிடலாம். அத்தீர்ப்பாயம் சென்னை, கோயம்புத்தூர், மதுரை ஆகிய ஊர்களில் உண்டு. முறை பிறழ்ந்திருப்பின், எடுத்த சொத்தை மீட்டளிக்கவும் அதற்கு அதிகாரம் உண்டு.

முன்னர், கேட்ட தொகையில் முக்காற்பங்கைக் கட்டினாலன்றி இம்முறையீடு செல்லாது என விதித்திருந்தனர். பணமில்லாமையால் வருந்துபவன் அதனை எவ்வாறு கட்டுவான்? 2004-இல் உச்ச நீதிமன்றம் அவ்விதியைத் தள்ளிற்று. மேலும், விவசாய நிலத்தின்மேலும், ஒரு லட்சம் ரூபாய்க்கு மேற்படாத கடனுக்கும் இச்சட்டம் செல்லாது. அசலும் வட்டியும் சேர்ந்த தொகையில் நிலுவை ஐந்தில் ஒரு பங்குக்குக் குறைந்திருப்பினும் செல்லாது. ஏல அறிவிப்பு வெளிவருமுன் நிலுவை முழுவதையும் செலவையும் செலுத்துவோர் சொத்தை மீட்டுக்கொள்ளலாம்.

நேரே ஹைகோர்ட்டுக்குப் போய்த் தடையாணை வாங்கலாம் என்று ஆசை காட்டுவோர் சிலர் உளர். தீர்ப்பாயம் இருக்கையில் அவ்வழியை எளிதில் திறத்தலாகாது என 2010-இல் உச்ச நீதிமன்றம் எச்சரித்துள்ளது. அவர் பேச்சை நம்பி 45 நாளையும் போக்கினோர் நிலை இரங்கத்தக்கது.

சகோதரர்களே! இக்காப்புகள் யாவும் நாட்கணக்கைச் சார்ந்தவை. நம்மவரோ, பாங்கிக் கடிதம் வந்தால் உற்றார் அறிவரே என்று நாணி, பிரியாமலே பெட்டியில் வைக்கின்றனர். கடிதம் பெட்டியிற் கிடந்தாலும் நாட்கள் நிற்பதில்லை. மானம் காக்க மறைத்த கடிதமே பின்னர் வாசற்கதவில் அறிவிப்பாக ஒட்டப்படுகின்றது. வீட்டைக் காலி செய்யும் நாளில் அறியாதார் எவர்?

ஆதலின் நம் சங்கம் ஒன்று செய்தல் வேண்டும். சட்டம் அறிந்த ஒருவரும் எழுத்தறிந்த இருவரும் ஞாயிறுதோறும் இம்மண்டபத்தில் அமர்ந்து, கடிதம் கொணர்வோர்க்குப் படித்துச் சொல்லி, நாளைக் குறித்துக் கொடுத்து, மறுமொழி எழுத உதவுக. கேட்ட செய்தி வெளியேறாதிருத்தல் அவர் விரதமாகுக. கடனைக் கட்டுதல் கடன்பட்டவன் கடமை. அவன் குடும்பம் தெருவில் நில்லாமற் காத்தல் நம் அனைவர் கடமை.