அஞ்சு சாபம், ஒரு முடிவு: எல்டன் ரிங்கில் கறை படியுற இடம் எது?

இன்னைக்கு ஒரே ஒரு கேம், அதுல ஒரே ஒரு சைடு குவெஸ்ட் பத்தித்தான் பேசப் போறோம். கேம் எல்டன் ரிங். 2022 பிப்ரவரி 25ஆம் தேதி வெளிவந்தது. ஃப்ரம்சாஃப்ட்வேர் பண்ணது, இயக்கம் ஹிடெடாகா மியாசாகி, உலகத்தோட பழங்கதைக்கு ஜார்ஜ் ஆர். ஆர். மார்ட்டின். குவெஸ்ட், டங் ஈட்டரோடது. ஸ்பாய்லர் கொஞ்சம் இல்ல, முழுக்கவே இருக்கு. இன்னும் ஆடாதவங்க இங்கேயே நிறுத்திட்டு, ஆடி முடிச்சிட்டு வாங்க. எபிசோடு எங்கேயும் ஓடிப் போயிடாது.

முதல்ல ஒரு கணக்கு. இந்த கேமுக்கு மொத்தம் ஆறு முடிவு. எதுவும் செய்யாம கடைசி பாஸை அடிச்சாலே ஒரு முடிவு கிடைச்சிடும். மீதி அஞ்சுக்கும் தனியா மெனக்கெடணும். அதுல மூணு முடிவு 'மெண்டிங் ரூன்'ங்கிற பொருளை நம்பி இருக்கு. உடைஞ்சுபோன எல்டன் ரிங்கை எதை வெச்சு ஒட்டப் போறோம், அதுதான் அந்த ரூன். ஒரு குவெஸ்ட் முடிச்சா ஒழுங்கோட ரூன், இன்னொண்ணுல மரணத்தோட ரூன், மூணாவதுல சாபத்தோட ரூன். இந்த மூணாவதை டங் ஈட்டர் கிட்டதான் வாங்கணும். வாங்கறதுக்கு விலை, அஞ்சு சீட்பெட் கர்ஸ். தமிழ்ல 'சாப நாற்று'ன்னு வெச்சுக்கலாம்.

இந்த நாற்று என்னன்னு புரியணும்னா அந்த உலகத்தோட சாவு எப்படின்னு தெரியணும். அங்க செத்தவங்க உயிர் எர்ட்ட்ரீங்கிற தங்க மரத்துக்கே திரும்பிப் போகும். அது அந்த மக்களுக்கு மோட்சம் மாதிரி. டங் ஈட்டர் ஆளைக் கொன்னதோட விடமாட்டான். உடம்பையும் அசிங்கப்படுத்துவான். அதுக்கப்புறம் அந்த உயிர் மரத்துக்குத் திரும்ப முடியாது. அந்தப் பிணத்துல முளைக்குறதுதான் இந்தச் சாபம். அதாவது நீங்க பையில போடுற ஒவ்வொரு நாற்றும், கதி கிடைக்காம நின்னுபோன ஒரு ஆள்.

இப்போ கேம் செய்யுற தந்திரத்தைப் பாருங்க. முதல் நாற்று உங்க கைக்கு வரும்போது டங் ஈட்டர்னா யாருன்னே உங்களுக்குத் தெரியாம இருக்கலாம். தலைநகர் லேண்டெல்ல சுத்திட்டு இருப்பீங்க, ஒரு பிணத்து மேல ஏதோ மின்னும், பட்டனை அழுத்துவீங்க. நூறு மணி நேரம் ஆடுற கேம்ல இதை ஆயிரம் தடவை செஞ்சிருப்போம். மின்னினா எடு, அவ்வளவுதான். ஆனா அந்த ஒரு நாற்று பையில இருந்தாதான் ரவுண்ட்டேபிள் ஹோல்டுல நிக்குற டங் ஈட்டர் உங்களை மதிச்சுப் பேசுவான். அங்க நிக்குறது அவனோட உருவம் மட்டும். நிஜ உடம்பு லேண்டெல்லுக்கு அடியில, சாக்கடைச் சிறையில பூட்டிக் கிடக்கு. அதுக்கான சாவியை உங்க கையில குடுப்பான்.

இந்த இடத்துல கேம் யாரையும் வற்புறுத்தல. சாவியை வாங்கிட்டுப் போகாமலே இருக்கலாம். போய் அவனை அங்கேயே முடிச்சும் விடலாம். கதவைத் திறந்து வெளிய விடணும்னு ஒரு கட்டாயமும் இல்ல.

கதவைத் திறந்தா என்ன ஆகும்? இங்கதான் பாகர்ட் வர்றான்.

பிளாகார்ட் பிக் பாகர்ட். லியூர்னியா ஏரிக்கரையில இரும்பு முகமூடி போட்டுக்கிட்டு, அண்டாவில இறால் வேகவெச்சு விக்கிற ஆள். நல்லவன்னு சொல்ல முடியாது, திருடன். ரையாங்கிற பொண்ணோட நெக்லஸை அடிச்சுட்டு, நம்மகிட்டயே ஆயிரம் ரூனுக்கு விப்பான். ஆனா அவன் இறாலை வாங்கிச் சாப்பிட்டா பேச்சே மாறிடும், நம்மள சேக்காளி மாதிரி நடத்துவான். பின்னாடி லேண்டெல் அகழிப் பக்கம் இடம் மாத்திட்டு நண்டு விப்பான். இந்த கேம்ல நம்மளைப் பாத்ததும் கத்தியை உருவாத ஆளுங்க ரொம்பக் கம்மி. சூடா சாப்பாடு விக்கிற ஆள் அதைவிடக் கம்மி.

டங் ஈட்டரை நீங்க திறந்து விட்டா அவன் நேரா போறது அந்த அகழிக்குத்தான். நீங்க போய்ப் பாக்கும்போது பாகர்ட் குத்துயிரும் குலையுயிருமா கிடப்பான். என்ன நடந்துச்சுன்னு அவன் வாயாலயே கேக்கணும். கேட்டுட்டு, கொஞ்ச நேரம் கழிச்சுத் திரும்பி வந்தா அவன் செத்திருப்பான். அவன் உடம்புல ஒரு நாற்று மின்னிக்கிட்டு இருக்கும்.

எல்டன் ரிங்குல குவெஸ்ட் லாக் கிடையாது. எங்க போகணும், எத்தனை மீதி இருக்குன்னு கேம் சொல்லவே சொல்லாது. அதனால பெரும்பாலானவங்க ஒரு கைடைத் திறந்து வெச்சுக்கிட்டுத்தான் இந்த குவெஸ்டை முடிக்கிறோம். கைடு எப்படி இருக்கும்? படி ஒண்ணு, சாவி வாங்கு. படி ரெண்டு, சிறையைத் திற. படி மூணு, அகழிக்குப் போய் பாகர்ட் கிட்ட பேசு. படி நாலு, ரீலோட் பண்ணு. படி அஞ்சு, நாற்றை எடு. பாகர்ட் செத்துட்டான்னு தனியா ஒரு படி இருக்காது. மூணுக்கும் நாலுக்கும் நடுவுல அவன் சாவு காணாமப் போயிடும்.

எனக்கு இந்த குவெஸ்டோட நிஜமான இருட்டு இதுதான்னு தோணுது. லிஸ்ட் போட்டுச் செய்யும்போது எந்த வேலையும் வெறும் வேலையா மாறிடுது. டிக் அடிக்கிற கை, அது எதுக்கு டிக் அடிக்குதுன்னு பாக்குறதில்ல.

சரி, அஞ்சும் சேந்தாச்சு. அகழியில டங் ஈட்டர் நம்ம மேல பாய்வான், அடிச்சுத் தோற்கடிக்கணும். அப்புறம் சிறைக்குத் திரும்பினா நாற்காலியில கட்டுண்டு உக்காந்திருப்பான். அஞ்சு நாற்றையும் அவன் உடம்புக்கே குடுக்கணும். அவன் கேக்குறதே அதைத்தான். முடிவுல அவனும் சாவான், ரூன் நம்ம கைக்கு வரும்.

அவன் பக்க நியாயம்னு ஒண்ணு இருக்கான்னா, அப்படி ஒண்ணு இருக்கு. அந்த உலகத்துல கொம்போட பொறக்குற குழந்தைங்களை ஓமன்னு சொல்லுவாங்க. சாபம் பிடிச்ச பொறப்பு. சாதாரண வீட்டுல பொறந்தா கொம்பை அறுத்துடுவாங்க, நிறைய பிள்ளைங்க அதுலயே செத்துப் போகும். ராஜ வீட்டுல பொறந்தா அறுக்காம, அதே சாக்கடைக்கு அடியில ஒளிச்சு வெச்சிடுவாங்க. டங் ஈட்டரோட கணக்கு இதுதான்: எல்லாருமே சபிக்கப்பட்டுட்டா சாபம்னு தனியா ஒண்ணு இருக்காது. ஒதுக்கி வைக்க ஆளே மிஞ்சாது. கேக்க சமத்துவம் மாதிரியே இருக்கும். ஆனா சங்கிலியை அறுக்கல, எல்லார் கழுத்துலயும் மாட்டிட்டான். இதுக்கு நேர் எதிர் மார்காட். அதே பாதாளத்துல அடைபட்டு வளர்ந்த ஓமன் அவன். தன்னை ஒதுக்கின தங்க மரத்தைக் கடைசி வரைக்கும் காவல் காத்து நிக்குறவன். ரெண்டு பேரும் ஒரே அநியாயத்துலேர்ந்து வந்து, ரெண்டு விதமா திரும்பிட்டாங்க.

இவ்வளவுக்கும் பரிசு என்னன்னு பாருங்க. முடிவுல வர்ற காட்சி ரொம்பச் சின்னது. ரூன் முடிவுகள் மூணுலயும் காட்சி கிட்டத்தட்ட ஒரே அமைப்பு, நிறமும் பின்னணிக் குரலும்தான் மாறும். தனி டிராஃபி கூட இல்ல. அச்சீவ்மென்ட் கணக்குல இதுவும் சாதாரண எல்டன் லார்ட் முடிவோட சேந்துடும். மணிக்கணக்கா சாக்கடையில அலைஞ்சதுக்கு ஒரு சில நிமிஷப் படம்.

அதைவிட முக்கியமான விஷயம் ஒண்ணு இருக்கு. ரூன் கையில இருக்குங்கிறதுக்காக அந்த முடிவை நீங்க எடுக்கணும்னு இல்ல. கடைசி பாஸுக்கு அப்புறம் எந்த ரூனை வேணும்னாலும் தேர்ந்தெடுக்கலாம், எதையுமே எடுக்காம சாதாரண முடிவுக்கும் போகலாம். "நான் ரூனை மட்டும்தான் எடுத்து வெச்சேன், உலகத்தைச் சபிக்கல"ன்னு சொல்லிக்கலாம். சரிதான், உலகம் தப்பிச்சிடும். பாகர்ட் தப்பிக்கல. நல்லவனா கெட்டவனான்னு கேம் நம்மளைக் கேக்குற இடம் கடைசி மெனுன்னு நாம நினைக்கிறோம். அந்தக் கேள்விக்கு பதில் சிறைக் கதவுலயே குடுத்தாச்சு.

2015ல டோபி ஃபாக்ஸ் பண்ண அண்டர்டேல் இதே கேள்வியை வேற மாதிரி கேட்டுச்சு. எல்லாரையும் கொல்ற பாதையில போனா, இன்னும் எத்தனை பேர் மீதின்னு சேவ் பாயிண்ட்லயே எண்ணிக்கை காட்டும். அதை முடிச்சுட்டா, அப்புறம் நீங்க ஆடுற நல்ல முடிவுல கூட அந்தக் கறை தெரியும். எல்டன் ரிங் அப்படித் தண்டிக்காது. நியூ கேம் பிளஸ் போட்டா பாகர்ட் மறுபடி ஏரிக்கரையில இறால் வேகவெச்சுட்டு இருப்பான். மன்னிச்சானா மறந்தானான்னு கேக்கவே முடியாது, அவனுக்கு எதுவும் தெரியாது. தெரிஞ்ச ஒரே ஆள் நாமதான்.

"இதெல்லாம் டேட்டா ப்ரோ, யாரும் சாகல"ன்னு சொல்றவங்க இருக்காங்க. உண்மைதான், யாரும் சாகல. இந்த குவெஸ்டை ஆடாதீங்கன்னும் நான் சொல்ல வரல. ஆடுங்க. இந்த கேம் எழுதப்பட்ட விதத்துக்கு இது ஒரு நல்ல சாட்சி. ஆனா ஒரு தடவையாவது கைடை மூடிட்டு, ஒவ்வொரு நாற்றோட விவரத்தையும் படிச்சிட்டு ஆடிப் பாருங்க. அகழிக்குப் போறதுக்கு முன்னாடி அந்த நண்டை ஒரு தடவை வாங்கிச் சாப்பிடுங்க. அப்புறமும் சாவியைத் திருப்பணும்னு தோணுச்சுன்னா, அது நீங்க எடுத்த முடிவா இருக்கும். லிஸ்ட் எடுத்ததா இருக்காது.

சிறைக் கதவுக்கு முன்னாடி நீங்க என்ன செஞ்சீங்க? எழுதி அனுப்புங்க, அடுத்த எபிசோடுல சிலதைப் படிக்கலாம். அதுவரைக்கும், மின்னுறதை எல்லாம் எடுக்காதீங்க மக்களே.