தறிக்கு வெளியே உள்ள கைகள்

தமிழில் நெசவு பற்றி நடக்கும் அறக்கட்டளைச் சொற்பொழிவுகளுக்கு ஒரு பழகிய தடம் உண்டு. பொருநராற்றுப்படை பாம்புரிக்கு ஒப்பிடும் மெல்லிய துணியில் தொடங்கும். சிலப்பதிகாரம் காட்டும் காருகர் இருக்கைக்கு வரும். சோழர் கல்வெட்டுகளின் தறியிறையைத் தொட்டுக்கொண்டு, பட்டின் பெருமையில் நிறைவு பெறும். இவை அத்தனையும் உண்மை. கேட்கவும் இனிமையானவை. ஆனால் ஆரணியை ஒட்டிய பட்டு நெசவூரான சேவூருக்கு அந்தத் தடம் போதாது. பட்டின் பெருமை இந்த ஊருக்கு யாரும் எடுத்துச் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. இங்கே கேட்க வேண்டிய கேள்வி ஒன்று உண்டு: ஒரு சேலையில் எத்தனை பேருடைய உழைப்பு இருக்கிறது, அவர்களில் எத்தனை பேருக்கு அந்த உழைப்பின் பெயரால் கூலி வருகிறது?

பலர் கூடிச் செய்யும் நூல் வேலை உலகெங்கும் உண்டு. நெசவு, பின்னல், குரோஷே, லேஸ் என்று வகை மாறினாலும் எல்லாவற்றிலும் ஒரே சிக்கல் நிற்கிறது. முடிந்த துணி ஒன்று. செய்த கைகள் பல. அந்தக் கைகளை எந்தச் சொல்லால் குறிக்கிறோம் என்பதைப் பொறுத்தே கணக்கேட்டில் அவற்றுக்கு இடம் கிடைக்கிறது அல்லது கிடைக்காமல் போகிறது. வேலைக்கு ஒரு பெயர் இருந்து அது தாளிலும் ஏறிய இடங்களில் கூலி பேச முடிந்திருக்கிறது. 'உதவி', 'ஓய்வுநேர வேலை' என்று எழுதிய இடங்களில் கூலி கரைந்துபோயிருக்கிறது. இந்தச் சொற்பொழிவு அதற்கான சான்றுகளை அடுக்கி, சேவூருக்கு ஒரு வேண்டுகோளை முன்வைக்கிறது.

1. தெருவில் விரியும் பாவு

பட்டு நெசவு தறியில் தொடங்குவதில்லை. கர்நாடகத்திலிருந்தோ வேறு இடங்களிலிருந்தோ வரும் கச்சாப் பட்டுக்கு முதலில் முறுக்கேற்ற வேண்டும். பிறகு பசை நீக்கிச் சாயம் தோய்க்க வேண்டும். சிட்டங்களிலிருந்து இழையைப் பிரித்துச் சுற்ற வேண்டும். சேலையின் நீளவாட்டு இழைகளை அளந்து பாவு ஓட்ட வேண்டும். அதன் பிறகுதான் பாவு தெருவுக்கு வருகிறது.

தெருவில் பாவு விரிப்பது விடிகாலை வேலை. வெயில் ஏறினால் இழை காய்ந்து அறும். காற்று கூடினால் இழைகள் ஒன்றோடொன்று சிக்கும். அதனால் பொழுது புலர்வதற்கு முன்பே பாவின் இரு முனைகளையும் இழுத்துக் கட்டி, இடையிடையே கோல்கள் நுழைத்து, இரு பக்கமும் ஆட்கள் நிற்கிறார்கள். அறுந்த இழையைக் கண்டு முடிவது ஒருவர், ஒட்டிய இழைகளைப் பிரிப்பது ஒருவர், கஞ்சி தோய்ப்பது ஒருவர், சீராகத் துலக்கிக்கொண்டே போவது இன்னொருவர். பல ஆயிரம் இழைகள் கொண்ட பாவைத் தனி ஆள் விரிக்க முடியாது. இன்று நம் வீட்டுப் பாவுக்கு அவர்கள் வருவார்கள், நாளை அவர்கள் வீட்டுப் பாவுக்கு நாம் போவோம் என்ற ஏற்பாட்டில்தான் நெசவூர்களின் தெருக்கள் பல தலைமுறைகளாக நடந்து வந்திருக்கின்றன. நெசவாளர் குடியிருப்புகளில் தெருக்கள் நீளமாகவும் நேராகவும் அமைந்ததில் இந்த வேலைக்கும் பங்கு உண்டு.

தறிக்கு வந்த பிறகும் வேலை ஒருவரோடு முடிவதில்லை. பழைய பாவின் நுனியோடு புதிய பாவின் ஒவ்வோர் இழையையும் விரலால் முறுக்கிச் சேர்ப்பது பாவு பிணைத்தல். இதற்கென்றே தறி தறியாகப் போகும் ஆட்கள் இருக்கிறார்கள். பாவு இழைகளைத் தூக்கி இறக்கும் விழுதைக் கட்டுவதும் ஜக்கார்டு பெட்டிக்கு அட்டை அடிப்பதும் தனித்தனி வேலைகள். ஊடிழையை ஓட்டும் நாடாவுக்குள் வைக்கும் நூல் தாரைச் சுற்றுவது பெரும்பாலும் வீட்டுப் பெண்களும் முதியவர்களும் செய்வது. காஞ்சிபுரத்துக் கோர்வைச் சேலையில் உடலும் கரையும் வேறு வேறு நிறம். மூன்று நாடாக்கள் ஓடும். தறியில் நெசவாளரோடு இன்னொருவர் உட்கார்ந்தே ஆக வேண்டும்.

பாவு ஓட்டுதல், தோய்த்தல், பிணைத்தல், விழுது கட்டுதல், தார் சுற்றுதல். நெசவாளர் பேச்சில் ஒவ்வொரு வேலைக்கும் தனி வினைச்சொல் இருக்கிறது. செய்பவரை எந்த வேலையிலிருந்தும் மறைக்காத மொழி அது. பழந்தமிழிலும் இதற்கு மரபு உண்டு. நூல் நூற்றவளைப் புறநானூறு 'பருத்திப் பெண்டு' என்று அவள் வேலையாலேயே அடையாளம் காட்டுகிறது. ஆண் துணையில்லாத பெண்கள் நூற்ற நுண்ணிய நூலை நற்றிணை பேசுகிறது. நெய்தவரை மட்டுமல்ல, நெய்வதற்கு முன்னே உழைத்தவரையும் பெயரிட்டு அழைத்த மொழி நம்முடையது.

2. 'கூடமாட'

சிக்கல் ஏட்டில் தொடங்குகிறது. சோழர் காலத்து வரி தறிக்கு விதிக்கப்பட்டது. அதனால் தறி எண்ணப்பட்டது, ஆள் எண்ணப்படவில்லை. இன்றும் ஓர் ஊரின் நெசவைக் கேட்டால் 'எத்தனை தறி ஓடுகிறது' என்றுதான் கேட்கிறோம். கூலி சேலைக்கு இவ்வளவு என்று தறிக்கு உரியவர் கைக்கு வருகிறது. கூட்டுறவுச் சங்கத்திலும் நெய்துகொடுத்த உறுப்பினர் பெயரில்தான் வரவு. தார் சுற்றியவர், கோர்வைக்கு உட்கார்ந்தவர், தெருவில் இழை முடிந்தவர் எல்லோரும் அந்த ஒரு தொகைக்குள் கரைகிறார்கள். கேட்டால், 'வீட்ல கூடமாட ஒத்தாசை பண்ணுவாங்க' என்ற பதில் வரும்.

அந்தப் பதிலில் பாசம் இருக்கிறது. குடும்பமாக உழைக்கும் பெருமிதமும் இருக்கிறது. ஆனால் அதே சொல் சட்டத்துக்குள் போனபோது என்ன ஆனது என்பதைப் பார்க்க வேண்டும். 1986ஆம் ஆண்டின் குழந்தைத் தொழிலாளர் சட்டம் சில தொழில்களில் பதினான்கு வயதுக்குட்பட்டோரை அமர்த்தத் தடை விதித்தது. ஆனால் குடும்பத்தின் உதவியோடு நடக்கும் தொழிற்கூடங்களுக்கு விலக்கு அளித்தது. காஞ்சிபுரம் வட்டாரத்துத் தறிகளில் கோர்வைக்கு உட்கார்ந்த பிள்ளைகள் பலர் பள்ளிக்கூடத்துக்கு வெளியே நின்றதற்கு வறுமையோடு இந்த விலக்கும் காரணம். 'உதவி' என்று எழுதிய இடத்தில் வேலை நேரமும் தெரியவில்லை, வயதும் தெரியவில்லை. அரசும் தொண்டு அமைப்புகளும் பல ஆண்டுகள் பாடுபட்ட பிறகே அந்த நிலை மாறத் தொடங்கியது. 2016ஆம் ஆண்டுத் திருத்தம் எல்லாத் தொழில்களுக்கும் தடையை விரித்தது. அப்போதும், பள்ளி நேரத்துக்குப் பிறகு குடும்பத்துக்கு 'உதவுவது' என்ற விலக்கு சட்டத்தில் தொடர்ந்தது.

3. நரசாப்பூரும் நாகர்கோவிலும்

ஆந்திரத்தின் கோதாவரிக் கழிமுகத்தில் உள்ள நரசாப்பூர் பகுதியில் பெண்கள் குரோஷே ஊசியால் லேஸ் பின்னுகிறார்கள். பத்தொன்பதாம் நூற்றாண்டில் மிஷனரிகள் வழியாக அங்கே வந்த வேலை அது. பூவை ஒருவர் பின்னுவார், இணைப்பை இன்னொருவர் போடுவார், துண்டுகளைச் சேர்த்து மேசை விரிப்பாக்குவது வேறொருவர். ஆயிரக்கணக்கான வீடுகளில் சிதறிக் கிடக்கும் ஒரு தொழிற்சாலை என்றே அதைச் சொல்லலாம்.

ஜெர்மன் சமூகவியலாளர் மரியா மீஸ் இந்தப் பெண்களைப் பற்றி ஆராய்ந்து 1982இல் நூலாக வெளியிட்டார். ஏற்றுமதி செய்த வணிகர்கள் இவர்களைத் தொழிலாளர் என்று சொல்லவில்லை. வீட்டில் சும்மா இருக்கும் நேரத்தில் பின்னும் இல்லத்தரசிகள் என்றே சொன்னார்கள். அந்தப் பெண்களோ சமையல், குழந்தை, தண்ணீர் என்று எல்லா வேலைக்கும் மேலாக நாள்தோறும் மணிக்கணக்கில் பின்னினார்கள். அவர்கள் ஈட்டியது வயல்வேலைக் கூலிக்கும் கீழே இருந்தது. பொருள் உலகச் சந்தைக்குப் போனது. செய்தவர் தொழிலாளர் பட்டியலுக்குள் வரவே இல்லை. இல்லத்தரசி என்ற சொல்லே கூலியைக் குறைக்கும் கருவியாக வேலை செய்ததை மீஸ் விரிவாகக் காட்டினார்.

இதற்கு மாறான சான்று தமிழ் நிலத்திலேயே இருக்கிறது. லண்டன் மிஷனைச் சேர்ந்த மார்த்தா மால்ட் 1820 வாக்கில் நாகர்கோவிலில் பெண்களுக்கு லேஸ் பின்னக் கற்றுக்கொடுத்தார். அவருடைய மகள் எலிசா, ராபர்ட் கால்டுவெல்லை மணந்து இடையன்குடிக்கு வந்து அங்கும் அதைப் பரப்பினார். திருவிதாங்கூரில் அடிமைமுறை 1855இல்தான் ஒழிக்கப்பட்டது. அதற்கு முன்பே லேஸ் பின்னிய வருமானத்தில் சில பெண்கள் தங்கள் விடுதலையை விலை கொடுத்து வாங்கினார்கள் என்று மிஷன் வரலாறுகள் பதிவு செய்திருக்கின்றன. கால்டுவெல்லின் ஒப்பிலக்கணத்தைத் தமிழுலகம் நன்றாக அறியும். அவர் வீட்டுத் திண்ணையை ஒட்டி நடந்த இந்தக் கைவேலை அதே அளவு பேசப்பட வேண்டியது. அங்கே அது ஓய்வுநேர அழகுவேலையாக மட்டும் கருதப்படவில்லை. தனக்கென்று வருமானம் தரும் வேலையாகக் கருதப்பட்டது. அந்தக் காசு ஒருத்தியின் கையில் அவளுடையதாகவே சேர்ந்தது.

4. பெயர் எழுதிய பின்னல்கள்

பிழைப்புக்காக அல்லாமல் விருப்பத்துக்காகக் கூடிப் பின்னும் குழுக்களும் உண்டு. அவர்கள் பெயர் எழுதும் முறையில் நாம் கற்க வேண்டியது இருக்கிறது. 2016 ஜனவரி 31 அன்று சென்னையில் 'மதர் இந்தியாஸ் குரோஷே குயின்ஸ்' குழுவினர் 11,148.5 சதுர மீட்டர் பரப்புள்ள குரோஷே போர்வையைக் காட்சிக்கு வைத்துக் கின்னஸ் சாதனை படைத்தார்கள். பல ஊர்களிலும் நாடுகளிலும் இருந்த பெண்கள் ஆளுக்குச் சில சதுரங்களாகப் பின்னி அனுப்பியவை ஒன்றாகச் சேர்ந்தன. பின்னர் அவை பிரிக்கப்பட்டுத் தேவைப்பட்டவர்களுக்குப் போர்வைகளாயின.

ஆஸ்திரேலியாவில் பிறந்த சகோதரிகள் மார்கரெட் வெர்தைம், கிறிஸ்டின் வெர்தைம் இருவரும் 2005இல் லாஸ் ஏஞ்சல்ஸில் தொடங்கிய குரோஷே பவளப்பாறைத் திட்டம் இன்னும் பெரியது. கடல் வெப்பமாகிப் பவளப்பாறைகள் வெளிறுவதைக் காட்ட, பல நாட்டு மக்கள் நூலால் பவளம் பின்னினார்கள். அந்தக் காட்சிக்கூடங்களில் பின்னியவர்களின் பெயர்களும் பட்டியலாக இடம்பெறுகின்றன. ஓர் ஊர் சேர்ந்து செய்த பொருளை 'மக்கள் பங்களிப்பு' என்று பொதுப்படச் சொல்லி நகர்வதற்கும், பெயர் பெயராக எழுதுவதற்கும் நடுவே உள்ள தூரம் பெரியது. விருப்பத்துக்குப் பின்னுவோருக்குக் கிடைக்கும் இந்த மதிப்பு, பிழைப்புக்கு இழை முடிவோருக்கு ஏன் கிடைக்கக் கூடாது?

5. திருப்பூரின் கூலிப் பட்டியல்

கிடைக்கும் என்பதற்குப் பின்னலாடை நகரமான திருப்பூரே சான்று. பனியன் கம்பெனியில் டெய்லர் தைக்கும் துணியை மடித்தும் எடுத்தும் கொடுக்கும் வேலைக்குக் 'கைமடி' என்று பெயர். நெசவு வீட்டில் இதற்கு இணையான வேலையைக் 'கூடமாட' என்ற சொல்லோடு விட்டிருப்போம். திருப்பூரிலோ முதலாளிகள் சங்கங்களும் தொழிற்சங்கங்களும் உட்கார்ந்து பேசிக் கையெழுத்திடும் கூலி ஒப்பந்தங்களில் கட்டிங், டெய்லர், அயர்ன், பேக்கிங், செக்கிங் ஆகியவற்றோடு கைமடிக்கும் தனி வரி உண்டு. தனித் தொகையும் உண்டு. ஒப்பந்தம் புதுப்பிக்கப்படும்போது அந்த வரியின் தொகையும் உயர்கிறது.

திருப்பூரில் எல்லாம் சரியாக இருக்கிறது என்று சொல்ல வரவில்லை. ஒப்பந்தத்துக்கு வெளியே வேலை செய்வோர் அங்கே ஏராளம். பீஸ் ரேட்டில் மணிக்கணக்கு மறைவதும் உண்டு. ஆனால் கைமடி வேலை செய்யும் பெண் தன் கூலி குறைகிறது என்று கேட்க நினைத்தால் காட்டுவதற்கு ஒரு தாள் இருக்கிறது. அந்தத் தாளில் அவள் வேலையின் பெயர் இருக்கிறது. தார் சுற்றும் பெண்ணுக்கு அப்படி ஒரு தாள் இல்லை.

6. சேவூருக்கு ஒரு வேண்டுகோள்

அரசின் கணக்கு இந்தத் திசையில் ஓரளவு நகர்ந்திருக்கிறது. 2019-20இல் நடந்த நான்காவது அகில இந்தியக் கைத்தறிக் கணக்கெடுப்பு 35 லட்சத்துக்கும் மேற்பட்ட கைத்தறித் தொழிலாளர்களைப் பதிவு செய்தது. அவர்களில் 8 லட்சத்துக்கும் மேற்பட்டோர் நெசவுசார் பணியாளர்கள். பாவு ஓட்டுவோர், தார் சுற்றுவோர் போன்றவர்கள் இந்தத் தலைப்புக்குள்தான் வருகிறார்கள். தமிழ்நாட்டில் கைத்தறி, கைத்தறிப் பட்டு நெசவுத் தொழிலாளர்களுக்கென்று நல வாரியமும் இருக்கிறது. ஆரணிப் பட்டுக்குப் புவிசார் குறியீடு கிடைத்து, ஊரின் பெயர் சேலையின் மேல் சட்டப்படி நிற்கிறது.

ஆனால் 'நெசவுசார் பணி' என்ற ஒரே தலைப்பு போதாது. பிணைப்பவரும் தோய்ப்பவரும் தார் சுற்றுபவரும் வேறு வேறு திறமையும் வேறு வேறு உடல்வலியும் உள்ளவர்கள். பிணைப்பவருக்குப் பார்வை தேய்கிறது. தெருவில் பாவு விரிப்பவருக்கு முதுகும் காலும் தேய்கின்றன. எந்த வேலைக்கு ஆள் குறைகிறது, எது இன்னும் பத்தாண்டில் கற்றுக்கொடுக்க ஆளில்லாமல் போகும் என்பது தனித்தனியாக எழுதினால்தான் தெரியும். நெசவாளர் குறைவதைப் பற்றி எல்லோரும் கவலைப்படுகிறோம். விழுது கட்டத் தெரிந்தவர் இல்லாமல் போனால் நெசவாளர் இருந்தும் தறி நிற்கும்.

'குடும்பத்துக்குள் கணக்கு எதற்கு?' என்று சிலர் கேட்கலாம். நியாயமான கேள்விதான். சேலைக்கூலி மொத்தமும் ஒரே அடுப்புக்குத்தான் போகிறது. ஆனால் மருத்துவ உதவியும் ஓய்வூதியமும் அடையாள அட்டையும் ஆளுக்குத்தான் வருகின்றன, அடுப்புக்கு அல்ல. கணவர் மறைந்த பிறகு தறியும் ஓயும் வீட்டில், முப்பது ஆண்டு தார் சுற்றிய பெண் தன்னைத் தொழிலாளி என்று நிறுவ எதைக் காட்டுவாள்? மேலும், சேலைக்கூலியை உயர்த்தக் கேட்கும் நெசவாளருக்கும் இந்தக் கணக்கு துணை நிற்கும். ஒரு சேலைக்குள் இத்தனை பேருடைய இத்தனை மணிநேரம் இருக்கிறது என்று எழுத்தில் வைத்துப் பேசினால், வாங்குபவர் அதை ஒரே ஆளின் கூலியாகச் சுருக்க முடியாது.

ஆகவே வேண்டுகோள் இது. சேவூரில் ஒரு பாவின் முழுப் பயணத்தையும் எழுதி வையுங்கள். யார் ஓட்டினார், யார் யார் தெருவில் நின்றார்கள், தோய்த்தவர் யார், பிணைத்தவர் யார், தார் சுற்றியவர் யார், ஒவ்வொருவருக்கும் எத்தனை மணிநேரம் ஆனது, கையில் என்ன வந்தது. வேலைகளின் பெயரை ஊரில் வழங்கும் சொல்லிலேயே எழுதுங்கள். அலுவலகத் தமிழுக்கு மாற்ற வேண்டாம். அந்த ஏட்டின் ஒரு படியைச் சங்கத்திலும் இன்னொன்றைப் பள்ளிக்கூடத்திலும் வையுங்கள். மூன்றாவது படி, நல வாரியத்தில் பெயர் சேர்க்கக் கேட்டுப் போகும் பெண்களின் கையில் இருக்கட்டும். இதற்கு அரசாணை எதுவும் தேவையில்லை. ஒரு நோட்டும், தெருவுக்கு இரண்டு பேரும், பாவு ஓட்டுவதில் தொடங்கி அதன் கடைசிச் சேலை அறுபடும் வரையிலான நாட்களும் போதும்.