சதர்க்: ஆற்றுக்கு அப்பால் ஒரு புறஞ்சேரி

இலண்டன் மாநகரைக் காணச் செல்வோர் பெரும்பாலும் தேம்ஸ் ஆற்றின் வடகரையை மட்டுமே கண்டு திரும்புகின்றனர். அரண்மனை, பாராளுமன்றம், செயின்ட் பால் பேராலயம் எல்லாம் அக்கரையில்தான் நிற்கின்றன. இலண்டன் பாலத்தைக் கடந்து தென்கரையில் கால் வைத்தால், அங்கே சதர்க் என்றொரு பகுதி இருக்கிறது. அப்பெயரை எழுதுவது ஒருவகை, ஒலிப்பது வேறுவகை. எழுத்தைக் கூட்டி ‘சவுத்வார்க்’ என்று படித்தால் அவ்வூரார் புன்னகை செய்வார்கள். அப்பகுதியின் பழைய பழிகளைக் காட்டுவதற்கென்றே, கட்டணம் பெற்றுக்கொண்டு, மக்களைக் கால்நடையாக அழைத்துச் செல்லும் வழிகாட்டிகள் அங்கே உள்ளனர். ஒருநாள் மாலை ஏறத்தாழ இருபது பேர் கொண்ட குழுவில் ஒருவனாக நானும் நடந்தேன். அந்நடையில் கண்டவற்றையும், அது தூண்டிய ஆவலால் பின்னர்ப் படித்தறிந்தவற்றையும் உங்களோடு பகிர்ந்துகொள்ள விரும்புகிறேன்.

மாணவர்கள் கேட்கும் பேச்சில் பரத்தையர் வீதியும் சிறைக்கூடமும் வரலாமா என்று எவரேனும் ஐயுறலாம். நீங்கள் பாடமாகப் படிக்கும் சங்க இலக்கியத்தில் மருதத்திணையை எடுத்துவிட்டால் எவ்வளவு எஞ்சும்? பரத்தையர் சேரியை மறைத்துவிட்டு ஊடலை விளக்க முயன்ற ஆசிரியர் எவரையும் நான் கண்டதில்லை. ஆகையால் தயங்காமல் தொடங்குகிறேன்.

ஒரு நகரத்துக்குப் பழிக்குரிய பகுதி எப்படி உண்டாகிறது? தீயோர் தாமாகவே வந்து ஓரிடத்தில் கூடுவதால் என்று நாம் எளிதாக நினைத்துவிடுகிறோம். சதர்க்கின் வரலாறு வேறொரு விடை தருகிறது. இடைக்காலத்து இலண்டன் நகராட்சியின் ஆணை ஆற்றின் நடுவோடு பெரும்பாலும் நின்றுவிடும். தென்கரையில் ஒரு பெரும்பகுதி வின்செஸ்டர் நகரத்துப் பேராயரின் தனியுரிமை நிலம். அதற்குக் ‘கிளிங்க் உரிமைப்பகுதி’ என்று பெயர். அங்கே இலண்டன் நகரத் தலைவர் எவரையும் பிடிக்க முடியாது, தண்டிக்கவும் முடியாது. வழக்கும் தண்டமும் பேராயருடையவை. நகரம் தனக்கு வேண்டாதவற்றையெல்லாம் ஆற்றுக்கு அப்பால் தள்ளியது. நாடகக் கொட்டகை, கரடிச் சண்டை, பரத்தையர் இல்லம் ஆகியவை அங்கே இடம் பெற்றன. அடுத்த ஊராகிய பெர்மண்ட்சியில் தோல் பதனிடுவோர் குடியேறினர். எல்லாவற்றையும் அங்கே தள்ளிய நகரத்தார், மாலையானதும் படகேறித் தாங்களும் அங்கே சென்றனர்! ஓடக்காரர்களுக்கு அது நல்ல வருவாய்.

பாலமே ஓர் அச்சுறுத்தலாக அமைந்திருந்தது. 1209ஆம் ஆண்டில் கட்டி முடிந்த பழைய கற்பாலத்தின் வாயிலில், அரச துரோகிகள் எனப்பட்டோரின் தலைகளை ஈட்டிமுனையில் செருகி வைப்பார்கள். 1305இல் ஸ்காட்லாந்து வீரர் வில்லியம் வாலசின் தலை அங்கே இருந்தது. 1535இல் அறிஞர் தாமஸ் மோரின் தலை அங்கே ஏறியது. அவருடைய மகள் மார்கரெட் எவ்வாறோ அத்தலையைப் பெற்றுப் பாதுகாத்தாள். இதைக் கூறும்போது எங்கள் வழிகாட்டி சற்றே நகைச்சுவை கலந்து பேசினார். அவர் குரல் வளமும் சொல்வன்மையும் உடையவர். இருபது பேரையும் இரண்டு மணிநேரம் கட்டி இழுத்துச் செல்வது எளிய கலையன்று. ஆயினும் நகைப்பு எங்கே தகும், எங்கே தகாது என்ற எண்ணம் அப்போதே எனக்குத் தோன்றத் தொடங்கிவிட்டது.

சதர்க் பேராலயத்தைக் கடந்து ஒரு குறுகிய தெருவில் நுழைந்தால், இடிந்த சுவர் ஒன்று நிற்கிறது. அதன் உச்சியில் கல்லில் செதுக்கிய வட்டப் பலகணி. ரோஜாமலர் விரிந்ததுபோன்ற அழகிய வேலைப்பாடு. அதுதான் வின்செஸ்டர் பேராயரின் அரண்மனையில் எஞ்சியது. 1424இல் ஸ்காட்லாந்து அரசர் முதலாம் ஜேம்ஸ் இப்பகுதிக் கோயிலில்தான் மணம் புரிந்துகொண்டார். விருந்து இந்த அரண்மனையில் நிகழ்ந்தது. அந்த மண்டபத்திலிருந்து ஆற்றங்கரையோரமாக மேற்கே சிறிது தூரம் நடந்தால், பேராயரின் அதே நிலத்தில், பரத்தையர் இல்லங்கள் வரிசையாக இருந்தன. ஆற்றில் வருவோர் காணும்படி சுவர்களில் அடையாளங்கள் தீட்டப்பட்டிருந்தன: மணி, அன்னம், பன்றித்தலை, கோட்டை. ‘கார்டினலின் தொப்பி’ என்றும் ஒன்று இருந்தது. அப்பெயர் கொண்ட சந்து இன்றும் இருக்கிறது. இரண்டு பேர் தோள் உரசாமல் எதிரெதிரே செல்ல முடியாத சந்து.

அவ்வில்லங்களுக்கென எழுதப்பட்ட விதிகள் கிடைத்துள்ளன. இரண்டாம் ஹென்றி மன்னர் காலத்தில், 1161இல், விதிக்கப்பட்டவை என்பது மரபு. நம் கைக்குக் கிட்டியிருக்கும் படிகள் பதினைந்தாம் நூற்றாண்டைச் சேர்ந்தவை. நான் அவற்றை வியப்போடு படித்தேன். எந்தப் பெண்ணையும் அவள் விருப்பத்துக்கு மாறாகப் பிடித்து வைக்கக்கூடாது. பிறன் மனைவியையும் துறவுப் பெண்ணையும் ஏற்கக்கூடாது. திருநாட்களில் குறித்த நேரத்தில் வாயிலை அடைக்க வேண்டும். வழியே செல்லும் ஆடவனின் ஆடையைப் பற்றி இழுக்கக்கூடாது. அறைக்கு வாரம் 14 பென்சுக்கு மேல் வாடகை வாங்கக்கூடாது. இல்லத்துக்கு உரியவன் அங்கே உணவோ விறகோ விற்கக்கூடாது. ஒரு பெண்ணுக்கு 6 ஷில்லிங் 8 பென்சுக்கு மேல் கடன் கொடுக்கவும் கூடாது.

இந்த இறுதி விதிகளைச் சற்று எண்ணிப் பாருங்கள். விறகும் சோறும் தானே விற்று, அதிக விலை வைத்து, கடன்மேல் கடன் ஏற்றி, அக்கடனையே விலங்காகப் பூட்டிவிட்டால் பெண் ஒருத்தி எங்கே தப்பிச் செல்வாள்? கதவுக்குத் தாழ்ப்பாள் தேவையில்லை. அத்தீமையை விதி எழுதியவர் அறிந்திருந்தார். அந்த அளவில் அவ்விதிகளில் அறம் இருக்கிறது என்பதை நான் மறுக்கவில்லை. ஆனால் விதியை மீறியோர் கட்டிய தண்டப்பணம் பேராயரின் நீதிமன்றத்தையே சேர்ந்தது. பழிப்பெயரோ அப்பெண்களைச் சேர்ந்தது. ‘வின்செஸ்டர் வாத்துகள்’ என்று அவர்களை ஊரார் ஏளனம் செய்தனர். ஷேக்ஸ்பியரும் தம் நாடகங்களில் அத்தொடரை ஆண்டிருக்கிறார். வாத்து என்றதும் எங்கள் குழுவில் சிரிப்பு எழுந்தது. பேராயர் என்ற சொல்லுக்கு ஒருவரும் சிரிக்கவில்லை.

1506இல் ஏழாம் ஹென்றி காலத்தில் இவ்வில்லங்கள் சிறிது காலம் மூடப்பட்டன. 18 ஆக இருந்தவை மீண்டும் திறந்தபோது 12 ஆயின என்று ஜான் ஸ்டோ என்ற வரலாற்றறிஞர் எழுதியுள்ளார். 1546இல் எட்டாம் ஹென்றி அறவே மூட ஆணையிட்டார். தொழில் ஒழிந்துவிட்டதா? இல்லை. விதியும் வரம்பும் ஒழிந்தன. தொழில் சந்துகளில் சிதறியது.

அரண்மனைக்கு அருகிலேயே பேராயரின் சிறை. கிளிங்க் என்னும் அதன் பெயரே ஆங்கிலத்தில் சிறைக்குப் பொதுப்பெயராகிவிட்டது. அங்கே அடைபட்டவன் தன் உணவுக்கும் படுக்கைக்கும் தானே பணம் கொடுக்க வேண்டும். கனமான விலங்குக்குப் பதில் இலேசான விலங்கு வேண்டுமானால் அதற்கும் பணம். பதினாறாம் நூற்றாண்டில், அரியணையில் இருப்பவர் சமயம் மாறுந்தோறும், ஒருமுறை கத்தோலிக்கரும் மறுமுறை புராட்டஸ்டண்டுகளும் மாறிமாறி அதனுள்ளே இருந்தனர். 1780இல் இலண்டனில் எழுந்த கலகத்தில் அச்சிறை தீக்கிரையாயிற்று. இப்போது அவ்விடத்தில் ஒரு சிறு காட்சியகம் இருக்கிறது.

மேற்கே சென்றால் ‘கரடித் தோட்டம்’ என்ற தெரு. கரடியைக் கம்பத்தில் கட்டி, அதன்மேல் நாய்களை ஏவி, மக்கள் ஆரவாரித்த இடம். 1583 ஜனவரியில், ஒரு ஞாயிற்றுக்கிழமையன்று, பார்வையாளர் மேடை சரிந்து எண்மர் மாண்டனர். ஞாயிறன்று கூத்துப் பார்த்ததற்கு இறைவன் தந்த தண்டனை என்று சமயக் கடுமையாளர் உரைத்தனர். மரம் உளுத்திருந்ததை யாரும் ஆராய்ந்ததாகத் தெரியவில்லை. இக்கொடிய விளையாட்டைச் சட்டத்தால் தடுக்க 1835 வரை ஆயிற்று. இதனால் பொருள் ஈட்டியவர்களுள் எட்வர்டு அல்லின் என்ற நடிகரும் ஒருவர். 1619இல் ஏழைச் சிறுவர் 12 பேருக்காக அவர் நிறுவிய டல்லிச் கல்லூரி இன்று புகழ்பெற்ற பள்ளியாக விளங்குகிறது. கரடியின் குருதி கல்வியாக மாறிய கதை இது. மாணவர்களாகிய நீங்கள் இதை எவ்வாறு எடைபோடுவீர்களோ, நான் அறியேன்.

அதே மண்ணில்தான் உலகம் போற்றும் நாடகமும் வளர்ந்தது. 1587இல் கட்டப்பட்ட ரோஸ் அரங்கின் அடித்தளம் 1989இல் வெளிப்பட்டது. அலுவலகக் கட்டடம் எழுப்பத் தோண்டியபோது கிடைத்த அதனைக் காக்கப் பெருநடிகர்கள் பலர் போராடினர். இப்போது அக்கட்டடத்தின் கீழேயே, மண் வெடிக்காதபடி நீர்மூடி வைத்திருக்கின்றனர். குளோப் அரங்கு 1599இல் எழுந்தது. 1613இல் நாடகத்தின் நடுவே பீரங்கி ஒன்றை வெடிக்க, பொறி பறந்து கூரை பற்றி, அரங்கு முழுதும் எரிந்தது. ஒருவருடைய காற்சட்டையில் பிடித்த தீயைப் பக்கத்திலிருந்தவர் மதுவை ஊற்றி அணைத்தாராம். மீண்டும் கட்டிய அரங்கை 1642இல் மூடினர். இப்போது ஆற்றங்கரையில் காணும் குளோப் 1997இல் திறக்கப்பட்ட புதிய கட்டடம். இவையெல்லாம் நீங்கள் பாடநூல்களில் படிக்கக்கூடியவை. ஆகவே மேலே செல்கிறேன்.

திரும்பிப் பெருந்தெருவுக்கு வந்தோம். செயின்ட் ஜார்ஜ் கோயிலுக்கு அருகே ஒரு நடைபாதையில் உயர்ந்த செங்கற்சுவர் ஒன்று நிற்கிறது. அது மார்ஷல்சி சிறையின் மதில். அங்கே அடைபட்டவர்களுள் பெரும்பாலோர் செய்த குற்றம், வாங்கிய கடனைத் திருப்பித் தராமை ஒன்றே. 1824 பிப்ரவரியில் ஜான் டிக்கன்ஸ் என்பவர், ஒரு ரொட்டிக் கடைக்காரருக்குத் தரவேண்டிய 40 பவுன் 10 ஷில்லிங்குக்காக உள்ளே சென்றார். மனைவியும் சிறு குழந்தைகளும் அவரோடு சிறையிலேயே குடியிருந்தனர். பன்னிரண்டு வயது மகன் சார்லஸ் மட்டும் வெளியே தங்கி, காலணி மை செய்யும் தொழிற்சாலையில் புட்டிகளுக்குச் சீட்டு ஒட்டினான். ஞாயிறுதோறும் தந்தையைக் காணச் சிறைக்கு வருவான். பிற்காலத்தில் உலகறிந்த நாவலாசிரியராகிய பின்னும், இதனைத் தம் மக்களிடம்கூடச் சொல்லாமல் மறைத்தே வாழ்ந்தார். ‘லிட்டில் டாரிட்’ நாவலில் அம்மதிலை மட்டும் எழுதினார். சிறை 1842இல் மூடப்பட்டது.

அச்சுவரைத் தொட்டு நின்றபோது, பரத்தையர் இல்ல விதி மீண்டும் என் நினைவுக்கு வந்தது. 6 ஷில்லிங் 8 பென்ஸ். அங்கே கடன் ஒரு பெண்ணைக் கட்டியது. இங்கே ஒரு குடும்பத்தையே கட்டியது. சிறையில் அடைத்துவிட்டால் அவன் உழைத்துக் கடன் தீர்ப்பது எப்படி என்ற எளிய கேள்விக்கு, அந்நாட்டுச் சட்டம் 1869 வரை நேர்மையான விடை தேடவில்லை.

இறுதியாக ரெட்கிராஸ் தெரு. அங்கே ஓர் இரும்புக் கதவு. கதவு முழுதும் வண்ண நாடாக்களும் உலர்ந்த பூக்களும் சிறு பொம்மைகளும் கட்டப்பட்டிருக்கின்றன. உள்ளே உள்ள நிலத்துக்குக் கிராஸ்போன்ஸ் என்று பெயர். நான் முன்பு கூறிய ஸ்டோ, 1598இல் வெளியிட்ட நூலில், இத்தொழிலில் இருந்த பெண்கள் மனந்திரும்பாது இறந்தால் கோயில் நிலத்தில் அடக்கம் செய்ய இடம் தரப்படவில்லை என்றும், அவர்களுக்கென்று கோயிலுக்குத் தொலைவில் ஒரு நிலம் ஒதுக்கப்பட்டிருந்தது என்றும் முதியோர் கூறக் கேட்டு எழுதியிருக்கிறார். அந்நிலம் இதுவே என்பது வழிவழி வந்த நம்பிக்கை. பிற்காலத்தில் வறியோர் அனைவருக்கும் இதுவே இடுகாடாயிற்று. இனிப் புதைக்க இடமில்லை என்று 1853இல் மூடினர்.

1990களில் நிலத்தடி இரயில் வேலைக்காக ஒரு மூலையைத் தோண்டியபோது, இலண்டன் அருங்காட்சியகத்தார் 148 எலும்புக்கூடுகளை எடுத்து ஆராய்ந்தனர். பாதிக்கு மேற்பட்டவை சிறு குழந்தைகளுடையவை. இருபது வயதைத் தாண்டாத ஒரு பெண்ணின் மண்டையோட்டில் மேகநோய் அரித்த தழும்புகள் இருந்தன. அவையெல்லாம் அங்கே புதைந்துள்ளோரில் மிகச் சிறிய பகுதியே. மொத்தம் 15,000 பேர் வரை இருக்கலாம் என்று மதிப்பிடுகின்றனர்.

அவ்விடத்தில் எங்கள் வழிகாட்டி நகைச்சுவை பேசவில்லை. ஒவ்வொரு திங்களும் 23ஆம் நாள் மாலையில் அக்கம்பக்கத்தார் கூடி, இறந்தோர் பெயர் எழுதிய நாடாக்களைக் கட்டும் வழக்கம் 2004 முதல் நிலைபெற்றதென்று மட்டும் சொன்னார். 2015இல் சதர்க் பேராலயத்தின் தலைமைக் குரு தம் திருச்சபையின் சார்பில் அங்கே வந்து, வருத்தம் தெரிவிக்கும் வழிபாடு ஒன்றை நடத்தினார் என்பதையும் பின்னர் அறிந்தேன். ஆணை பிறப்பித்த பேராயர்களின் கல்லறைகள் வின்செஸ்டர் பேராலயத்தில் பளிங்கும் பொறிப்புமாக விளங்குகின்றன. இங்கே கதவின் கம்பிகளைப் பார்த்தேன். அருகில் நின்ற ஒரு கல்லூரி மாணவி தன் கூந்தல் நாடாவை அவிழ்த்து, இடம் தேடித் தேடி, ஒரு மூலையில் கட்டினாள்.