ஊடலும் திதியும்

கார்த்திகைத் தீபத்தால் உலகறிந்த ஊர் திருவண்ணாமலை. 2668 அடி உயர மலையின் உச்சியில், கொப்பரையில் நெய்யூற்றி ஏற்றும் தீபத்தைக் காண லட்சக்கணக்கானோர் திரள்கிறார்கள். வேங்கிக்கால் முதலாக மலையைச் சூழ்ந்து வாழும் ஊர்க்காரர்களுக்குத் தையிலும் மாசியிலும் நடக்கும் இரண்டு சடங்குகள் இன்னும் நெருக்கமானவை. அவற்றில் அண்ணாமலையார் ஒரு வீட்டின் கணவராகவும் பிள்ளையாகவும் தெருவுக்கு வருகிறார்.

மாட்டுப் பொங்கலன்று திருவூடல். சிவனை மட்டுமே வணங்குவேன் என்று பிடிவாதம் பிடித்த பிருங்கி முனிவருக்குக் காட்சி கொடுக்க இறைவன் கிளம்புவது உண்ணாமுலையம்மனுக்குப் பொறுக்கவில்லை. அன்று மாலை திருவூடல் தெருவில் இருவரும் எதிரெதிரே நிற்கிறார்கள்; சமாதானம் பேசச் சுந்தரர் நடுவே வருகிறார். அம்மன் மனம் இறங்காமல் கோயிலுக்குத் திரும்பிக் கதவைச் சாத்திக்கொள்கிறார். அண்ணாமலையாருக்கு அன்றிரவு குமரக் கோயிலில்தான் தங்கல். மறுநாள் 14 கிலோமீட்டர் கிரிவலம் போய், முனிவருக்குக் காட்சி தந்து திரும்பிய பிறகே மறுவூடல், சமாதானம். கணவன் மனைவி பிணக்கை மூடி மறைக்க வேண்டிய அவமானமாகக் கருதாமல், ஊரே கூடிப் பார்க்கும் விழாவாக வைத்த துணிவு வியப்புக்குரியது.

மற்றொன்று இன்னும் ஆழமானது. போசள மன்னர் மூன்றாம் வீரவல்லாளர் திருவண்ணாமலையைத் தலைநகராகக் கொண்டிருந்தவர். 1340களின் தொடக்கத்தில் மதுரை சுல்தானுடன் நடந்த போரில் மாண்டவர். கோயிலின் வல்லாள கோபுரம் அவர் பெயரைச் சொல்கிறது. பிள்ளையில்லாத அவருக்கு இறைவனே மகனாகி, ஈமக்கடனையும் ஏற்றுக்கொண்டார் என்பது தலபுராணச் செய்தி. தைப்பூசத்தன்று ஈசானியக் குளத்தில் தீர்த்தவாரி முடிந்ததும் மன்னர் இறந்த செய்தி சுவாமிக்குச் சொல்லப்படுகிறது. போகும்போது முழங்கிய மேளம் திரும்பும்போது ஒலிப்பதில்லை. துக்க வீட்டுக்கு எது முறையோ அதுவே கோயிலுக்கும் முறை.

மாசி மகத்தன்று சுவாமி பள்ளிகொண்டாப்பட்டுக்குப் புறப்படுகிறார். அங்கே கௌதம நதிக்கரையில், மகன் தந்தைக்குச் செய்வதுபோல் வல்லாளருக்குத் திதி கொடுக்கப்படுகிறது. கொள்ளி வைக்கப் பிள்ளையில்லையே என்பது தமிழ்க் குடும்பங்களின் பழைய ஏக்கம். அரசர் ஒருவரின் அந்த ஏக்கத்தை அண்ணாமலையார் கோயில் தன் சொந்தக் கடமையாக எடுத்துக்கொண்டு, ஆண்டுதோறும் தவறாமல் செய்துவருகிறது.