முகவரி இழந்த ஆட்டங்கள்



மொழி வளர்க்கும் மேடையில் கணினி ஆட்டத்தைப் பற்றிப் பேச ஒருவர் வந்திருக்கிறாரே என்று சிலர் எண்ணக்கூடும். நான் கணினி கற்பிக்கும் ஆசிரியன். என் மாணவர் ஒருவர் கேட்ட கேள்விக்கு அன்று என்னிடம் விடை இல்லை. அதைத் தேடிச் சென்ற வழியைத்தான் இன்று உங்கள்முன் வைக்கிறேன்.

தேசிய சேவைக்குச் சென்ற அண்ணன் வீட்டில் விட்டுச்சென்ற பழைய குறுவட்டு ஒன்றை அம்மாணவர் கொண்டுவந்தார். பலர் சேர்ந்து ஆடும் போர் ஆட்டம் அது. கணினியில் முறையாக நிறுவ முடிந்தது. தனியே ஆடவும் முடிந்தது. இணையத்தில் ஆட முனைந்தபோது மட்டும் திரையில் வெற்றுப் பட்டியல். “காசு கொடுத்து வாங்கிய பொருள்தானே ஐயா? வட்டில் ஒரு கீறலும் இல்லையே. பிறகு எது கெட்டுப்போயிற்று?” என்று கேட்டார்.

கெட்டுப்போனது வட்டில் இல்லை. அதை விளக்க 1996ஆம் ஆண்டுக்குச் செல்ல வேண்டும். அவ்வாண்டில் ஐடி சாஃப்ட்வேர் நிறுவனம் ‘குவேக்’ என்னும் ஆட்டத்தை வெளியிட்டது. பேச்சில் சர்வர் என்கிறோமே, அந்த வழங்கி மென்பொருளை நிறுவனம் தன்னிடமே பூட்டி வைத்துக்கொள்ளவில்லை. ஆடுவோர் கையிலும் கொடுத்தது. அவரவர் தத்தம் கணினியில் வழங்கியை இயக்கினர். ஆயின் எந்த வழங்கி எங்கே இயங்குகிறது என்று அறிவது எப்படி? எண்களால் ஆன இணைய முகவரியை ஒருவரிடம் ஒருவர் கேட்டுக் குறித்துக்கொள்ள வேண்டியிருந்தது. அந்தத் தொல்லையைத் தீர்க்க எழுந்த ஒரு சிறு மென்பொருளே பின்னர் ‘கேம்ஸ்பை’ என்னும் பெருஞ்சேவையாக வளர்ந்தது. நூற்றுக்கணக்கான ஆட்டங்கள் அதை நம்பி வாழ்ந்தன.

அது செய்த பணி முன்பு தொலைபேசிக் கையேடு செய்த பணிதான். உலகின் ஏதோ ஒரு மூலையில் ஒருவர் வழங்கியைத் தொடங்குகிறார். அவ்வழங்கி சிறிது நேரத்திற்கு ஒருமுறை “நான் உயிரோடு இருக்கிறேன்” என்று கேம்ஸ்பையின் தலைமைக் கணினிக்கு ஒரு சிறு செய்தி அனுப்பும். அச்செய்திக்குப் பொறியாளர் இட்ட பெயர் இதயத்துடிப்பு. ஆட வருபவரின் கணினி, தலைமைக் கணினியிடம் பட்டியலைக் கேட்டு வாங்கும். அதன்பின் கேம்ஸ்பைக்கு அங்கே பெரும்பாலும் வேலை இல்லை. ஆடுபவர் வழங்கியோடு நேரே இணைந்துவிடுவார். இவற்றோடு, சில ஆட்டங்களில் பயனர் பெயரையும் கடவுச்சொல்லையும் சரிபார்ப்பது, வீட்டு இணையப் பெட்டிகளின் தடுப்பைக் கடந்து இரு கணினிகளை அறிமுகப்படுத்துவது ஆகிய பணிகளையும் அது ஏற்றிருந்தது.

2014 மே 31ஆம் நாள் கேம்ஸ்பை மூடப்பட்டது. அறிவிப்பு வந்தது ஏப்ரலில்தான். எலக்ட்ரானிக் ஆர்ட்ஸ் நிறுவனத்தின் ஆட்டங்கள் சிலவற்றிற்கு ஜூன் 30 வரை தவணை கிடைத்தது. ‘பேட்டில்ஃபீல்ட் 2’ அவற்றுள் ஒன்று. எண்ணிப் பாருங்கள். மூடிய நாளிலும் உலகெங்கும் ஆர்வலர்களின் வழங்கிகள் இயங்கிக்கொண்டுதான் இருந்தன. இதயத்துடிப்பைக் கேட்கத்தான் ஆளில்லை. வீடுகள் நிற்கின்றன, மக்களும் இருக்கின்றனர், கையேடு மட்டும் எரிந்துவிட்டது. என் மாணவர் கண்ட வெற்றுப் பட்டியலின் பொருள் இதுவே.

இதற்கு மாற்று வழிகளைத் தேடியவர்கள் பெரும்பாலும் ஊதியம் பெறாத ஆர்வலர்கள். எளிய வழி, கையேடே வேண்டாத முறையில் ஆடுவது. 2000ஐ ஒட்டிய ஆண்டுகளில் இங்கே லேன் கடைகளில் மணிக்கணக்கில் அமர்ந்திருந்தோர் இந்த அவையிலும் இருக்கலாம், பெயர் கேட்கமாட்டேன். அங்கே எல்லாக் கணினிகளும் ஒரே கம்பி வலையில் இருந்தமையால் ஆட்டம் தானாகவே மற்றவரைக் கண்டுகொண்டது. இன்று மெய்நிகர் தனியார் வலை அமைத்து, ஜூரோங்கிலும் ஜொகூரிலும் இருக்கும் இரு கணினிகளை ஒரே அறையில் இருப்பதாக ஆட்டத்தை நம்பவைக்கலாம். லேன் முறையில் ஆட இடமளித்த எந்தப் பழைய ஆட்டமும் இவ்வாறு பிழைக்க வாய்ப்பு உண்டு.

இரண்டாவது வழி, புதிய கையேடு ஒன்றை எழுதி ஆட்டத்தை அங்கே திருப்பிவிடுவது. விண்டோஸ் இயங்குதளத்தில் ‘ஹோஸ்ட்ஸ்’ என்றொரு கோப்பு உண்டு. ஒரு பெயருக்குரிய எண்முகவரி வேண்டுமெனில், கணினி வெளியே கேட்பதற்கு முன் அக்கோப்பைப் பார்க்கும். கேம்ஸ்பையின் பெயருக்கு நேரே வேறொரு வழங்கியின் எண்ணை அதில் எழுதிவிட்டால், ஆட்டம் தன் பழைய நண்பரை அழைப்பதாக எண்ணிப் புதியவரை அழைக்கும். புதியவர் பழையவரின் முறைப்படியே மறுமொழி சொல்லவேண்டும் என்பதுதான் கடினம். அம்முறையை வெளியிலிருந்து ஆராய்ந்து மீண்டும் எழுதியவர்கள் ‘ஓப்பன்ஸ்பை’ போன்ற மாற்றுச் சேவைகளை உருவாக்கினர்.

ஆட்டத்தின் இயங்குகோப்புக்குள்ளேயே பெயரை மாற்றுவோரும் உண்டு. அங்கே ஒரு நுட்பம். கோப்பில் ஒரு சொல் இருக்கும் இடம் அளந்து வைத்தது. புதிய சொல் அதைவிட நீளமானால் அடுத்திருப்பதை அழித்துவிடும். கேம்ஸ்பை டாட் காம் என்பதை ஆங்கில எழுத்தில் எழுதினால் புள்ளியோடு 11 குறிகள். ஓப்பன்ஸ்பை டாட் நெட் என்பதும் 11. ஒன்றின் இடத்தில் மற்றொன்று அச்சுப் பிசகாமல் அமர்கிறது. சீர் கெடாமல் சொல்லை மாற்றிப் பழகிய நம் யாப்பாசிரியர்களுக்கு இது பிடிக்கும் என்று நினைக்கிறேன்.

படைத்தவர்களே உதவிய நேர்வுகளும் உண்டு. ‘ஹேலோ’வின் கணினிப் பதிப்பு வெளிவந்தது 2003இல். கேம்ஸ்பை மூடப்படுவதற்கு முன் 2014 மே மாதம் அதற்கு 1.0.10 என்னும் திருத்தம் வெளியாகி, பட்டியல் கேட்கும் இடத்தை மாற்றியது. ‘ஸ்டார் வார்ஸ்: பேட்டில்ஃபிரன்ட் 2’ என்னும் 2005ஆம் ஆண்டு ஆட்டத்தின் இணைய வசதி 2017இல் முறைப்படி திரும்பியது.

எங்கள் கணினிக் கழக மாணவர்கள் ஒரு பள்ளி விடுமுறையில் ஹோஸ்ட்ஸ் கோப்பை மாற்றிப் பார்த்தனர். அரைநாள் சென்றது. மாலையில் பட்டியலில் ஒரே ஒரு வரி தோன்றியது, எங்கள் வழங்கிதான். அதற்கு ‘அகரம்’ என்று மாணவர் தமிழில் பெயரிட்டிருந்தார். திரையில் தெரிந்தவை கேள்விக்குறிகள் மட்டுமே. இலத்தீன் எழுத்தைத் தவிர வேறறியாத காலத்தின் ஆட்டம் அது. யுனிகோடுக்கு முந்தைய எழுத்துருவில் தட்டச்சு செய்த என் பழைய பாடக் குறிப்புகளும் இன்று திறந்தால் இப்படித்தான் புரியாத குறிகளாய் நிற்கின்றன. அவற்றை மாற்றித்தரும் செயலி இருப்பதால் பிழைத்தேன்.

இதுவரை சொன்னவை நற்பேறு பெற்ற ஆட்டங்கள். வழங்கி மென்பொருள் மக்கள் கையில் இருந்தமையால், தொலைந்த கையேட்டை மட்டும் திரும்ப எழுதினால் போதும். பின்னர் வந்த பல ஆட்டங்களில் வழங்கி நிறுவனத்தின் கட்டடத்தைவிட்டு வெளியே வந்ததே இல்லை. யூபிசாஃப்ட் நிறுவனத்தின் ‘தி குரூ’ என்னும் காரோட்டும் ஆட்டம் 2014இல் வந்தது. 2024 மார்ச் 31 அன்று அதன் வழங்கிகள் நிறுத்தப்பட்டன. தனியே ஓட்டுவதற்கும் வழங்கியின் தொடர்பு வேண்டும் என்று அது அமைக்கப்பட்டிருந்தது. ஆகவே வாங்கியவரின் வட்டு அன்றோடு வெறும் நெகிழித் தகடு ஆயிற்று. இங்கே கையேடு மட்டுமன்று, ஊரே போய்விட்டது. அதைத் திரும்பக் கட்ட விழைவோர், ஊர் நிற்கும்போதே அதைப் படம் எடுத்திருக்க வேண்டும்: ஆட்டத்திற்கும் வழங்கிக்கும் இடையே ஓடிய செய்திகளை மூடுநாளுக்கு முன்பே பதிந்திருக்க வேண்டும். மூடியபின் வருந்துபவர் கையில் ஒன்றும் இராது.

இந்நிகழ்ச்சியை ஒட்டி ராஸ் ஸ்காட் என்பவர் 2024இல் ஓர் இயக்கத்தைத் தொடங்கினார். சேவையை என்றென்றும் நடத்த வேண்டும் என்று அவ்வியக்கம் கேட்கவில்லை. நிறுத்தும்போது ஆட்டத்தை ஆடத்தக்க நிலையில் விட்டுச்செல்லுங்கள் என்பதே கோரிக்கை. ஐரோப்பிய ஒன்றியத்தில் ஒரு மில்லியனுக்கும் மேற்பட்டோர் அதற்குக் கையொப்பமிட்டனர். நான் இக்கோரிக்கையின் பக்கமே நிற்கிறேன். 1996இல் ஒரு சிறு நிறுவனம் செய்ததைப் பெருநிறுவனங்களால் செய்ய இயலாது என்பதை ஏற்க எனக்கு மனம் வரவில்லை.

சட்டத்தைப் பற்றி மாணவர்களுக்கு ஒரு சொல். பிளிசார்ட் நிறுவனத்தின் பேட்டில்நெட் சேவைக்கு மாற்றாக ஆர்வலர்கள் எழுதிய வழங்கி, வட்டின் உரிம எண்ணைச் சரிபார்க்கவில்லை. வழக்கு அமெரிக்க மேல்முறையீட்டு நீதிமன்றம் வரை சென்று 2005இல் ஆர்வலர்களுக்கு எதிராக முடிந்தது. 2015இல் அந்நாட்டு நாடாளுமன்ற நூலகர் ஒரு விலக்கு அளித்தார்: உரிமச் சரிபார்ப்பு வழங்கி நிறுத்தப்பட்ட ஆட்டத்தை, அதை முறையாகப் பெற்றவர் தம் கணினியில் ஆடுவதற்காகப் பூட்டை நீக்கலாம். பலர் சேர்ந்து இணையத்தில் ஆடுவது அவ்விலக்கில் அடங்கவில்லை. நம் நாட்டுச் சட்டம் வேறு. எதைச் செய்தாலும் சொந்தமாக வாங்கிய வட்டிலிருந்து செய்யுங்கள். அறியாதவர் தரும் இயங்குகோப்பைத் திறக்காதீர்கள்.

வெளியே மேசையில் இரண்டு மடிக்கணினிகள் வைத்திருக்கிறேன். இரண்டிலும் அதே பழைய ஆட்டம். ஒன்றில் மட்டும் ஹோஸ்ட்ஸ் கோப்பு இன்னும் மாற்றப்படவில்லை. தேநீர் அருந்தியபின் விரும்பும் மாணவர்கள் அந்த ஒரு வரியைத் தாங்களே எழுதிப் பார்க்கலாம். வழங்கிக்கு ‘அகரம்’ என்ற பெயரையே வைத்திருக்கிறோம். கேள்விக்குறிகளைக் கண்டு திகைக்க வேண்டாம்.