ஆச்சி கற்பித்த பாடம்



திரைப்படம் பார்த்துத் திரும்புவோரிடம், "யார் நடித்த படம்?" என்று வினவினால், கதாநாயகன், கதாநாயகி ஆகிய இருவர் பெயரையே முதலில் சொல்வார்கள். தாயாகவும், வேலைக்காரியாகவும், வம்பு பேசும் அண்டை வீட்டுக்காரியாகவும் வந்து கதைக்கு உயிரூட்டியவரை நினைவுகூர்வோர் சிலரே. அத்தகைய வேடங்களையே வாழ்நாட் பணியாக ஏற்று, தமிழ் மக்களின் நெஞ்சில் நீங்கா இடம்பெற்றவர் மனோரமா. அவரைப் பற்றியே இன்று பேச விழைகிறேன்.

1937-இல் மன்னார்குடியில் பிறந்த அவருடைய இயற்பெயர் கோபிசாந்தா. இளமையிலேயே தாயாருடன் செட்டிநாட்டுப் பள்ளத்தூருக்கு வந்து சேர்ந்தார். 'ஆச்சி' என்ற அன்புப் பெயர் அந்த மண் தந்தது. வறுமையால் படிப்பு நின்றது. பன்னிரண்டாம் வயதில் நாடக மேடை ஏறினார். பின்னர் எஸ்.எஸ். இராசேந்திரன் அவர்களின் நாடகக் குழுவில் சேர்ந்து ஊர் ஊராக நடித்தார். அந்த இராசேந்திரன்தான் 1962-இல் எங்கள் தேனித் தொகுதியிலிருந்து சட்டமன்றம் சென்றவர். ஆகவே கம்பம் பள்ளத்தாக்கினராகிய எங்களுக்கும் ஆச்சியிடம் சிறிது உரிமை உண்டு என்று வேடிக்கையாகச் சொல்வேன்!

கவிஞர் கண்ணதாசன் 1958-இல் 'மாலையிட்ட மங்கை' படத்தில் அவருக்கு நகைச்சுவை வேடம் அளித்தார். 1963-இல் 'கொஞ்சும் குமரி'யில் கதாநாயகியாகவும் நடித்தார். ஆயினும் அவரை நிலைநிறுத்தியவை துணை வேடங்களே. 1968-ஆம் ஆண்டை மட்டும் எண்ணிப் பாருங்கள். 'தில்லானா மோகனாம்பாள்' படத்தில் நாடகக்காரி ஜில் ஜில் ரமாமணியாக வந்தார். 'பொம்மலாட்டம்' படத்தில் சென்னைத் தமிழில் பாடினார். பிறந்தது காவிரிக் கரை, வளர்ந்தது செட்டிநாடு, வாயில் வந்ததோ பட்டணத்துத் தெருப் பேச்சு! பிறர் பேசுவதைக் கூர்ந்து கேட்கும் செவி இல்லாதார்க்கு இது கைகூடுமோ?

ஜில் ஜில் ரமாமணியை நான் சிறுவனாக எங்கள் ஊர் டென்ட் கொட்டகையில் கண்டேன். பகலெல்லாம் நாற்று நட்டுக் களைத்த என் தாயார், பெண்கள் பக்கத்து மணலில் அமர்ந்து கண்ணீர் வர நகைத்தார். வீடு திரும்பும்போது, "அவ நம்ம தெருக்காரி மாதிரியில்லடா பேசுறா!" என்றார். அப்போது அதன் பொருள் எனக்கு விளங்கவில்லை.

ஆண்டுகள் சில கழிந்து, மதுரையில் கல்லூரி மாணவனானேன். என் பள்ளத்தாக்குப் பேச்சைக் கேட்டு உடன் பயின்றோர் நகைத்தனர். ஒருநாள் தாயார் பலகாரப் பொட்டலத்துடன் விடுதிக்கு வந்தார். அவர் பேச்சும் நகைப்புக்கு ஆளாகுமோ என்றஞ்சி, வாயிலிலேயே நிறுத்திப் பேசி அனுப்பிவிட்டேன். "சரிப்பா, நல்லாப் படி" என்று மட்டும் சொல்லிச் சென்றார். அவ்வாரமே நகரத்துக் கொட்டகையில் அதே படத்தை மீண்டும் கண்டேன். நண்பர்கள் அந்த நாடகக்காரியின் பேச்சில் மெய்ம்மறந்தனர். திரையிலே நாம் போற்றும் பேச்சை வாயிலிலே நிறுத்தி அனுப்பினேனே என்ற எண்ணம் என்னைச் சுட்டது. மறுநாளே ஊர் சென்றேன்.

இத்தாலி நாட்டிலும் டீனா பீக்கா என்றொரு முதிய நடிகை இருந்தார், நேப்பிள்ஸ் நகரத்தவர். 1953-இல் வந்த ஒரு படத்தில் வீட்டுப் பணிப்பெண்ணாக நடித்தே புகழ்பெற்றார். மண்ணின் குரலுக்கு எந்நாட்டிலும் மதிப்புண்டு போலும்.

ஆயிரத்துக்கு மேற்பட்ட படங்களில் நடித்து, கின்னஸ் நூலிலும் இடம்பெற்றார் ஆச்சி. 1989-இல் வந்த 'புதிய பாதை' அவருக்குத் தேசிய விருது தேடித் தந்தது. 2002-இல் பத்மஸ்ரீ வந்தது. 2015 அக்டோபர் 10-ஆம் நாள் மறைந்தார்.

நண்பர்களே! வேடம் சிறிதாயினும் அதில் வாழும் மனிதர் சிறியவர் அல்லர் என்று காட்டியதே அவர் கலை. விடுமுறைக்கு ஊர் செல்லும்போது உங்கள் தாயாரின் பேச்சைச் சற்று நின்று கேளுங்கள். திருத்துவதற்காக அன்று, கற்பதற்காக.